மூலைத் தாழியில் மொண்டு கொடுத்தவள்

பொய் சொல்லத் தெரிந்திருந்தால் ஷோகேர் அன்றைக்கே ஏதாவது சொல்லித் தன் தங்கையைச் சமாதானம் செய்திருப்பாள். அவளுக்குப் பொய் வராது. அந்த ஒரே காரணத்துக்காகத்தான் நான் இதை நம்பினேன். அவளும் அவள் கணவன் சுரேனும் யெரெவான் நகரில் எங்கள் அடுத்த வீட்டுக்காரர்கள். அந்தச் சனிக்கிழமை அவர்கள் திரும்பி வந்தபோது மாடிப்படியில் எதிரே நின்றது நான்தான். அவள் வாயை என் கண்ணால் பார்த்தேன். மற்றதெல்லாம் அவள் சொன்னது. ஊர்ப் பெயரை மட்டும் கேட்காதீர்கள். ஒயினுக்குப் பேர்போன அரேனிக்கு அப்பால், அர்பா ஆற்றை ஒட்டி... அவ்வளவு போதும்.

ஷோகேர் ஒரு பல் மருத்துவரிடம் உதவியாளராக இருக்கிறாள். சொத்தைப் பல், சீழ் கட்டிய ஈறு, பக்கத்தில் நிற்க முடியாத வாய்நாற்றம், எல்லாம் பார்த்தவள். எதற்கும் முகம் சுளிக்க மாட்டாள். இதை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள்.

அவள் தங்கை தாகுஹிக்கு ஒரு காதல். பையன் பெயர் அஷோத். அவன் வீட்டில் பரம்பரையாகத் திராட்சைத் தோட்டம், ஒயின் தொழில். அப்பா மார்த்தூன், அம்மா எர்மினே. அண்ணனும் அண்ணியும் ரஷ்யாவில், கிராஸ்னதாரில் இருக்கிறார்கள் என்று தாகுஹியிடம் சொல்லியிருந்தான். முறைப்படி பெண் கேட்டு வருவதற்கு முன், சொல்லாமல் கொள்ளாமல் அந்த வீட்டை ஒரு தடவை பார்த்துவிட வேண்டும் என்று ஷோகேருக்குத் தோன்றியது.

"பொண்ணு வீட்டுக்காரங்கன்னு சொல்லிட்டுப் போனா புது மேஜைத் துணி விரிப்பாங்க. ஒயின் குடிக்க வந்தவங்களா போனாத்தான் வீட்டோட லட்சணம் தெரியும்."

"எனக்கென்ன, குடிக்கக் கிடைச்சா சரி" என்றான் சுரேன்.

"நீதானே வண்டி ஓட்டணும்?"

"அடிப்பாவி... அதுக்குத்தான் என்னைக் கூட்டிட்டுப் போறியா?"

அன்று அஷோத் யெரெவானில் தாகுஹியோடு இருந்தான். அதைத் தெரிந்துகொண்டுதான் கிளம்பினார்கள்.

அறுவடை முடிந்திருந்தது. தோட்டத்தில் இலைகள் பழுத்துத் தொங்கின. வீட்டு வாசலில் பிழிந்து போட்ட திராட்சைச் சக்கை ஒரு குவியலாகக் கிடந்தது. அதன்மேல் குளவிகள். புளித்த நெடி மூக்கைத் துளைத்தது. அதற்குள் வேறொரு வாடையும் லேசாக இருந்தது. ஈரத் துணியை நாள் கணக்கில் மூட்டைக்குள் வைத்தால் வருமே, அது. ஒயின் வீடு என்றால் இப்படித்தான் இருக்கும் என்று ஷோகேர் விட்டுவிட்டாள்.

மார்த்தூன் பெருத்த மனிதர். கலகலப்பானவர்.

"வாங்க, வாங்க! யெரெவான்காரங்களா? நீங்கள்லாம் மூக்கை மட்டும் நனைச்சுட்டு 'அடடா, செர்ரி வாசனை'ன்னு சொல்லுவீங்க. இங்க குடிக்கணும்!"

"நான் வண்டி ஓட்டணும் மாமா" என்றான் சுரேன், அழாத குறையாக.

"பாவம். உன் பங்கையும் உன் பொண்டாட்டி குடிப்பா."

பீப்பாய் ஒன்றில் குழாயை விட்டு, மறுமுனையை வாயில் வைத்து உறிஞ்சினார். முதல் வாயைத் தரையில் துப்பினார். அதே குழாயைக் கண்ணாடிக் குடுவைக்குள் விட்டார். குடுவையில் ஒரு பழ ஈ விழுந்தது. சுண்டு விரலால் எடுத்துக் கால்சட்டையில் துடைத்துக்கொண்டார். தங்கை வாழப் போகும் வீடு இது என்று ஷோகேர் நினைத்துக்கொண்டாள். ஆனாலும் மனிதர் நல்லவராகத் தெரிந்தார். எர்மினே லவாஷ் ரொட்டியும் ஆட்டுப் பாலாடைக்கட்டியும் மேஜையில் அடுக்கிக்கொண்டிருந்தாள். சிரிக்கவில்லை. வந்தவர்களை நிமிர்ந்துகூடப் பார்க்கவில்லை.

"முதல்ல கீழ போய்த் தாழிங்களைப் பாத்துட்டு வருவோம். அப்புறம் குடிப்போம்" என்றார் மார்த்தூன்.

நிலவறை நல்ல குளிர். மூச்சு விட்டால் புகை வந்தது. தரையில் கழுத்துவரை புதைத்த, ஒயின் ஊறும் மண்தாழிகள் வரிசையாக இருந்தன. ஒவ்வொன்றின் வாயையும் கல் பலகையால் மூடிக் களிமண் பூசியிருந்தார்கள். உள்ளே ஒரு ஆள் நிற்கலாம், அவ்வளவு ஆழம் என்றார் மார்த்தூன்.

மேலே வாசலில் ஒரு வண்டி வந்து நின்ற சத்தம் கேட்டது. எர்மினே கூப்பிட்டாள். மார்த்தூன் படியேறினார். சிகரெட் பிடிக்கிற சாக்கில் சுரேனும் கூடவே போனான்.

ஷோகேர் தனியாக நின்றாள்.

க்ளக்...

தண்ணீருக்குள் எதையோ அமுக்கி எடுக்கிற சத்தம்.

க்ளக்... க்ளக்...

கடைசி மூலையில் ஒரு பெண் மண்டியிட்டிருந்தாள். இளம்பெண். ஒல்லி. ஒரு கையைத் தோள்வரை தாழிக்குள் விட்டிருந்தாள். இவ்வளவு நேரம் எப்படிக் கண்ணில் படாமல் போனாள் என்று ஷோகேருக்குப் புரியவில்லை. வேலைக்காரப் பெண்ணாக இருக்கும்.

அவள் கையை வெளியே எடுத்தாள். ஒரு குவளை. முழங்கையிலிருந்து சொட்டியது.

"குடி அக்கா."

விரல்கள் நெடுநேரம் துணி துவைத்த கை மாதிரி வெளுத்துச் சுருங்கியிருந்தன. நீட்டியதை எப்படி மறுப்பது? ஷோகேர் வாங்கிக்கொண்டாள்.

குவளை சூடாக இருந்தது.

அந்தக் குளிரில்... உடம்புச் சூடு.

ஒரு வாய் குடித்தாள். முதலில் இனிப்பு. அப்புறம் ஊறிய கம்பளி. அப்புறம்... வேலை செய்யும் இடத்தில் ஈறு அழுகியவர்கள் வாய் திறக்கும்போது வருமே, அந்த நெடி. இப்போது அது அவள் வாய்க்குள்ளேயே இருந்தது. கெட்டியாக ஏதோ நாக்கில் வழுக்கியது. துப்புவதற்குள் தொண்டையில் இறங்கிவிட்டது.

நாக்கில் ஒரு முடி.

விரலை விட்டு இழுத்தாள். வந்தது. இன்னும் இழுத்தாள். இன்னும் வந்தது. நீளமான முடி. அதன் மறுமுனை தொண்டைக்குள் நகர்வது தெரிந்தது.

அந்தப் பெண் சிரித்தாள். முன்பற்கள் இரண்டுக்கும் நடுவே சந்து. ஈறு முழுக்கக் கருநீலம்.

"உன் தங்கச்சி ஒல்லியாக்கா?"

தங்கை இருப்பதை அந்த வீட்டில் ஷோகேர் யாரிடமும் சொல்லவில்லை.

"இதுக்குள்ள நுழையற அளவுக்கு... ஒல்லியா?"

ஷோகேர் கத்தினாள்.

சுரேன்தான் முதலில் ஓடி வந்தான். பின்னாலேயே மார்த்தூன். மூலையில் யாரும் இல்லை. குவளை இல்லை. தரையில் ஈரம்கூட இல்லை.

"எதைக் குடிச்சே? எவ குடுத்தா?" மார்த்தூன் குரலில் கலகலப்பு போயிருந்தது. "அந்தத் தாழில ஒண்ணுமே இல்லம்மா. இங்க பாரு!"

கல்லைப் புரட்டினார். வாய்வரை சுண்ணாம்பு. காய்ந்து, இறுகி, வெடிப்பு விட்டுக் கிடந்தது.

"ஷோகேர்... உன் வாய்..." என்றான் சுரேன்.

உதடு, பல், ஈறு, மோவாய். எல்லாம் கருநீலம். அவள் அன்று அதுவரை ஒரு சொட்டு ஒயினும் குடித்திருக்கவில்லை.

படியில் எர்மினே நின்றிருந்தாள். மெதுவாக இறங்கி வந்தாள். தன் இடுப்பில் கட்டியிருந்த துணியால் ஷோகேரின் வாயை அழுத்தித் துடைத்தாள். வலித்தது.

"பேசினாளா?"

ஆமென்று ஷோகேர் தலையசைத்தாள்.

"என்ன கேட்டா?"

"வாயை மூடுடி!" என்று மார்த்தூன் அதட்டினார்.

எர்மினே அவர் பக்கம் திரும்பவே இல்லை. ஷோகேரின் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தாள். பிறகு, காதோடு காதாக...

"பதில் சொல்லிட்டியா?"

"இல்ல."

"கிளம்பு. திரும்பிப் பாக்காம போயிடு."

ஆற்றோரம் வண்டியை நிறுத்தச் சொன்னாள் ஷோகேர். வாந்தி எடுத்தாள். "ஒரு வாய்க்கே இப்படியா?" என்று ஆரம்பித்த சுரேன் குனிந்து பார்த்தான். கல்லின் மேல் கிடந்தது கருநீலமாக இருந்தது. அதில் முடி. ஒரு பெண்ணின் சீப்பில் மிஞ்சுமே, அப்படி ஒரு சுருள்.

யெரெவான்வரை அவன் வண்டியை எங்கும் நிறுத்தவில்லை.

தாகுஹி நம்பவில்லை. "குடிச்சிட்டு உளர்றே. எனக்கு நல்லது நடந்தா உனக்குப் பொறுக்கலையா?" என்று தெருவுக்கே கேட்கக் கத்தினாள். ஷோகேர் வாயைத் திறந்து ஈறைக் காட்டினாள். "மை பூசிக்கிட்டு வந்திருக்கே" என்றாள் தங்கை. ஆனால் அஷோத் தானாகவே விலகிவிட்டான். முதலில் தொலைபேசியை எடுக்கவில்லை. பிறகு அண்ணனிடம் போவதாக ஒரு வார்த்தை சொல்லிவிட்டு ரஷ்யாவுக்குப் போய்விட்டான். காரணம் சொல்லவில்லை. தாகுஹி இன்றுவரை அக்காவோடு பேசுவதில்லை.

ஷோகேரின் கறையும் போகவில்லை. மருத்துவர் தன் கையாலேயே தேய்த்துப் பார்த்தார். மேல் ஈறின் ஓரத்தில் ஒரு கருநீலக் கோடு நின்றுவிட்டது. ஒயினின் வாடை பட்டாலே அவள் எழுந்து வெளியே போய்விடுவாள்.

குளிர்காலம் முடியும் சமயத்தில் மருத்துவரிடம் ஒரு அம்மாள் வந்தாள். நுவார்த் என்று பெயர். கடைவாய்ப் பல் வலி. நாற்காலியில் சாய்ந்து வாயைத் திறந்தாள். ஷோகேர் பல் பார்க்கும் சிறு கண்ணாடியை உள்ளே விட்டாள்.

மேல் ஈறின் ஓரத்தில் கருநீலக் கோடு.

"ஒயின் நிறையக் குடிப்பீங்களாம்மா?" என்று கேட்டார் மருத்துவர்.

"தொட்டு எத்தனையோ வருஷமாச்சு டாக்டர். இந்தக் கறை ஒரே ஒரு வாய்ல வந்தது."

மருத்துவர் அந்தப் பக்கம் போனதும் ஷோகேர் தன் உதட்டைத் தூக்கிக் காட்டினாள். அந்த அம்மாள் நிமிர்ந்து உட்கார்ந்தாள்.

"உனக்குக் குடுத்தவளுக்கு... முன்பல்லு நடுவுல சந்து இருக்குமா?"

"இருந்துச்சு."

நுவார்த் அழவில்லை.

"அது என் பொண்ணு. அந்த வீட்டு மூத்த மருமக. கல்யாணமாகி முதல் அறுவடை. ஒல்லியா இருக்கான்னு தாழி கழுவ உள்ள இறக்கிவிட்டாங்க. பக்கத்துத் தாழில ஒயின் பொங்கிட்டிருந்திருக்கு. அந்த விஷக் காத்து உள்ள இறங்கி நிறைஞ்சிடுச்சு. சாயங்காலம்வரைக்கும் யாருமே தேடலை. அப்புறம் அந்தத் தாழியில சுண்ணாம்பைக் கொட்டி மூடிட்டு, வெளியில அவ ரஷ்யாவுல இருக்கான்னு சொல்லிக்கிறாங்க."

ஷோகேரின் கையைப் பிடித்துக்கொண்டாள்.

"குளிருதுன்னு சொன்னாளா?"

"இல்லம்மா. சூடா இருந்துச்சு. அவ குடுத்தது."

நுவார்த் தலையை ஆட்டினாள். ஷோகேருக்கு ஒன்று மட்டும் விளங்கவில்லை.

"அப்படின்னா... உங்களுக்கும் அவதான் குடுத்தாளா?"

"இல்லடி. எனக்குக் குடுத்தப்போ என் பொண்ணு உயிரோட இருந்தா. கல்யாணம் பேசி முடிக்கப் போயிருந்தேன். கீழ மூலையில வெளுத்து ஊறின கையோட ஒரு கிழவி உக்காந்திருந்தா. வீட்டுப் பெரியம்மான்னு நினைச்சு வாங்கிக் குடிச்சேன்."

"அவ ஏதாவது கேட்டாளா?"

"உன் பொண்ணு ஒல்லியான்னு கேட்டா" என்றாள் நுவார்த்.

"நான் சிரிச்சுக்கிட்டே... ஆமான்னு சொன்னேன்."