முப்பத்திரண்டு பேர் வகுப்பில் முந்நூறு பெயர்கள்

நான் இலஞ்சியில் ஒரு பள்ளியில் அறிவியல் ஆசிரியை. மழைக்காக விடுமுறை விட்ட ஒரு நாள், ஒன்பதாம் வகுப்புக்கு ஆன்லைனில் வினாடி வினா விளையாட்டு வைத்தேன். எல்லாருக்கும் எளிதாகக் கிடைக்கட்டும் என்று, அதில் சேர்வதற்கான எண்ணை வாட்ஸ்அப் ஸ்டேட்டஸில் போட்டேன். அதுதான் நான் செய்த தவறு.

முப்பத்திரண்டு பேர் சேர வேண்டிய, வகுப்பே பார்த்துக்கொண்டிருந்த திரையில் பெயர்கள் கொட்டத் தொடங்கின. ஐம்பது, நூறு, முந்நூறு! எல்லாமே என் மாணவி முத்துலட்சுமியின் பெயர். ஒவ்வொன்றோடும் ஒரு கெட்ட வார்த்தை. யாரோ 'பாட்' எனும் தானியங்கி நிரலை ஏவிவிட்டிருந்தார்கள் என்று பிறகுதான் தெரிந்தது. விளையாட்டை நிறுத்திவிட்டு அவளை அழைத்தேன். போன் அணைக்கப்பட்டிருந்தது.

பிள்ளை ஏதாவது செய்துகொண்டால்? கொட்டும் மழையில் ஸ்கூட்டியில் அவள் வீட்டுக்குப் போனேன். அவள் அம்மாதான் கதவைத் திறந்தார்.

"என்ன டீச்சர், இப்படி நனைஞ்சுட்டு வந்திருக்கிய?"

"முத்துலட்சுமி எங்கம்மா?"

"அங்கன அடுப்படில தோசை சுடுதா. காலைலேருந்து கரண்டு இல்ல. போன்ல சார்ஜ் போச்சு, குவிஸ் போச்சுன்னு ஒரே அழுகை."

அப்படியே படியில் உட்கார்ந்துவிட்டேன். பிறகு இருவரிடமும் நடந்ததைச் சொல்லி மன்னிப்புக் கேட்டேன். அவள் கேட்டது ஒன்றுதான்: "எல்லாரும் பாத்துட்டாங்களா டீச்சர்?"



இப்போது வகுப்பு தொடங்கிய பிறகே, மாணவர்களுக்கு மட்டும் எண்ணைச் சொல்கிறேன். பெயர்களை நான் சரிபார்த்த பிறகே அவர்களுக்குத் திரையைக் காட்டுகிறேன். முப்பத்திரண்டாவது பிள்ளை உள்ளே வந்ததும், வேறு யாரும் சேர முடியாதபடி விளையாட்டைப் பூட்டும் பொத்தானை அழுத்திவிடுகிறேன். அதுவரை என் விரல் அந்தப் பொத்தானை விட்டு நகர்வதில்லை.