மணிக்கு ஒரு வாரம் வளர்ந்த அணில்

இரண்டு வருடங்களுக்கு முன், டிசம்பர் மாதத்தில் ஒரு ஞாயிற்றுக்கிழமை. மூன்று நாள் விடாமல் கொட்டிய மழை முந்தின இரவுதான் ஓய்ந்திருந்தது. ராஜகீழ்ப்பாக்கத்தில் எங்கள் தெருவில் நின்ற தண்ணீர் முழங்காலிலிருந்து கணுக்காலுக்கு இறங்கியிருந்தது. காலை ஆறரை மணிக்கு, ஈரத் துணிகளை எங்கே காயப்போடுவது என்ற கவலையோடு இரண்டாவது மாடியில் எங்கள் பால்கனிக் கதவைத் திறந்தேன். சொட்டும் மழைத் தண்ணீரைப் பிடிக்க வைத்திருந்த பிளாஸ்டிக் பக்கெட்டுக்குள் ஒரு அணில் கிடந்தது.

பக்கெட்டில் பாதி தண்ணீர். ஏறி வர வழியில்லை. உள்ளே மிதந்த பிளாஸ்டிக் மக்கின் கைப்பிடியை முன்னங்கால்களால் கட்டிக்கொண்டு, மூக்கு மட்டும் வெளியே தெரிய, எத்தனை நேரம் அப்படி இருந்ததோ. பதறிப்போய் எடுத்துத் துண்டில் சுற்றினேன். கண் மூடியிருந்தது. உடம்பு விறைத்திருந்தது. ஆனால் உயிர் இருந்தது.

இங்கே என்னைப் பற்றி ஒரு வார்த்தை சொல்ல வேண்டும். இருபத்திரண்டு வருடமாகப் பிளஸ் டூ பிள்ளைகளுக்கு விலங்கியல் நடத்துகிறேன். கொஞ்சம் தற்பெருமை உண்டு. கொஞ்சம் என்ன, நிறையவே உண்டு. 'கண், வால், பல் மூன்றையும் பாருங்கள், எந்த அணிலுக்கும் வயது சொல்லிவிடலாம்' என்று வகுப்பில் அடித்துச் சொல்கிற ஆள் நான். மாலைச் சிறப்பு வகுப்பில் எந்தப் பெண்ணாவது கடிகாரத்தைப் பார்த்தால் ஒரே அதட்டலில் உட்கார வைத்துவிடுவேன். சுருக்கமாகச் சொன்னால், எல்லாம் தெரிந்த டீச்சர்.

எல்லாம் தெரிந்த டீச்சர் அணிலை ஒரு பார்வை பார்த்தாள். கண் திறக்கவில்லை. வாலில் புசுபுசுவென்று முடி இல்லை, நூல் மாதிரி இருந்தது. உடம்போ என் உள்ளங்கைக்குள் அடங்கிவிட்டது. உடனே எங்கள் குடியிருப்பின் வாட்ஸ்அப் குழுவில் தட்டிவிட்டேன்: 'பால்கனியில் அணில் குட்டி மீட்பு. வயது மூன்று வாரம். தாயைப் பிரிந்துவிட்டது. யாரும் பூனையை மாடிக்கு விடவேண்டாம்.' கீழே பட்டங்களைப் போடவில்லை, அது ஒன்றுதான் பாக்கி. இருபது பேர் கை கூப்பினார்கள். கீழ்வீட்டிலிருந்து ஒரு காலி செருப்புப் பெட்டியும் வந்து சேர்ந்தது.

நனைந்தால் எந்த உடம்பும் பாதியாகத்தான் தெரியும் என்பது எனக்குத் தோன்றவே இல்லை.

ஹேர் டிரையரை மெல்லிய சூட்டில் வைத்துக் காட்டினேன். பெட்டியில் துண்டை மெத்தையாகப் போட்டு, மூடியில் பென்சிலால் ஓட்டைகள் குத்தி, உள்ளே படுக்க வைத்தேன். இரண்டு மணி நேரத்துக்கு ஒரு தடவை பால் கொடுக்க வேண்டுமே என்று சர்ச் ஆராதனைக்குக்கூடப் போகவில்லை. கணவரை மட்டும் அனுப்பிவைத்தேன். அப்படியே திரும்பி வரும்போது கிழக்குத் தாம்பரம் மார்க்கெட்டில் ஒரு சின்னக் கூண்டு வாங்கி வரச் சொன்னேன். இரண்டு வாரம் வைத்து வளர்த்து, பலம் வந்த பிறகு விடுவதாக என் திட்டம்.

எட்டு மணிக்கு ஓட்டை வழியாகப் பார்த்தேன். கண் திறந்திருந்தது. சரி, மூன்று இல்லை, நான்கு வாரம் என்று குழுவில் திருத்தம் போட்டேன். ஒன்பது மணிக்கு எழுந்து உட்கார்ந்திருந்தது. ஐந்து வாரம். பத்து மணிக்கு மூடியை லேசாகத் திறந்து இங்க் ஃபில்லரால் பால் நீட்டினேன். ஃபில்லரை விட்டுவிட்டு என் ஆள்காட்டி விரலைக் கடித்தது பாருங்கள், ரத்தமே வந்துவிட்டது. பல் முளைக்கிற பருவம், கடிக்கத்தான் செய்யும், ஆறு வாரம் என்று முடிவு செய்தேன். பதினோரு மணிக்குப் பெட்டியே நகர ஆரம்பித்தது. ஏழு வாரம் என்றேன்.

சர்ச்சிலிருந்து என் கணவர் திருட்டுத்தனமாக ஒரு செய்தி அனுப்பினார்: 'இந்த வேகத்தில் போனால் சாயங்காலத்துக்குள் அதற்குக் கல்யாணம் பண்ணி வைக்க வேண்டியிருக்கும்.' நான் கோபப் பொம்மை ஒன்றை அனுப்பினேன்.

இதற்கு நடுவில் இன்னொன்று. பால்கனிக்கு வெளியே ஏசி மெஷினின் பின்பக்கத்திலிருந்து காலை முதலே கீச் கீச் என்று ஒரு சத்தம். தாய் அணில் குட்டியைத் தேடிக் கத்துகிறது என்று புரிந்துகொண்டேன். பெட்டியைக் கொண்டுபோய்ப் பால்கனிச் சுவர் ஓரமாக வைத்தேன், வந்து பார்த்துக்கொள்ளட்டும் என்று. அது வரவில்லை. சத்தம் மட்டும் நிற்கவில்லை. 'பத்தடி தூரத்தில் பிள்ளை கிடக்கிறது, வந்து எட்டிப் பார்க்கத் துப்பில்லை, இவளெல்லாம் ஒரு தாயா' என்று வாய்விட்டே திட்டினேன். அந்த வார்த்தையை இப்போது நினைத்தாலும் எனக்கு வெட்கமாக இருக்கிறது.

பதினொன்றரைக்கு மீன்காரம்மா வந்தாள். கடற்கரைக் குப்பத்திலிருந்து மொபெட்டில் ஐஸ் பெட்டி கட்டிக்கொண்டு வருகிறவள். என்னைவிடப் பத்து வயதாவது சின்னவள். சினை மீன் வேண்டுமென்று கேட்டால் கத்தியைத் தொடமாட்டாள். வயிற்றை இரண்டு விரலால் தடவிப் பார்த்து 'இதுல கீது, இதுல இல்ல' என்பாள். ஒருநாளும் தப்பினதில்லை.

"இன்னா டீச்சர், சர்ச்சுக்குப் போலியா? பொட்டிக்குள்ள இன்னா, இந்தப் பிராண்டு பிராண்டுது?"

"அணில் குட்டிம்மா. ஏழு வாரம் இருக்கும். அதோ, அம்மாக்காரி வெளிய கத்திக்கிட்டே இருக்கா, பக்கத்துல வரமாட்டேங்கிறா."

அவள் சங்கரா மீனைத் தட்டில் வைத்துவிட்டுப் பால்கனிக்கு வந்தாள். தலையைச் சாய்த்துக் கேட்டாள்.

"அது ஒண்ணு கத்தல டீச்சர். ரெண்டு மூணு கத்துது. நல்லா கேளு. பெரிசு கத்துற சத்தமா இது?"

நான் பதில் சொல்வதற்குள், தலையில் கட்டியிருந்த துண்டை அவிழ்த்துக் கையில் சுற்றிக்கொண்டு, பெட்டிக்குள் விட்டாள். அடுத்த நொடி அணில் அவள் பிடியில் மல்லாக்க இருந்தது. அதே இரண்டு விரல். வயிற்றை ஒரு தடவு.

"அய்ய, இன்னா காரியம் பண்ணி வச்சிக்கீற டீச்சர்! இது குட்டி இல்ல. இது புள்ள பெத்தவ. பாரு, பால் கட்டிகினு கீது."

பார்த்தேன். வயிற்றில் வரிசையாக, முடி உதிர்ந்து சிவந்து வீங்கிய காம்புகள். கரும்பலகையில் படம் போட்டு நானே நடத்தியிருக்கிறேன். கண், வால், பல் என்று மேலே மேலே பார்த்தேனே தவிர, வயிற்றைப் பார்க்கவில்லை. குட்டி என்று ஒரு தடவை வாயால் சொல்லிவிட்டேன், அதற்குப் பிறகு கண்ணுக்குக் குட்டிதான் தெரிந்தது.

காலையிலிருந்து கத்தியது தாயில்லை, பிள்ளைகள். தாயை நான் செருப்புப் பெட்டியில் போட்டு மூடி வைத்திருந்தேன். ராத்திரி எப்போது பக்கெட்டில் விழுந்ததோ, அப்போதிலிருந்து அந்தக் குட்டிகளுக்கு ஒரு சொட்டுப் பால் இல்லை.

"எம் பெரியவ மூணு மாசப் புள்ளையா இருக்கச் சொல்லோ நான் கூடையத் தூக்கினு வந்தவ டீச்சர். பன்னெண்டு மணி ஆச்சினா நெஞ்சு கல்லாட்டம் ஆயிடும். ரவிக்கை நனைஞ்சிடும். பஸ்ஸு வரலன்னா ரோட்லயே அழுவேன். இது பொட்டியப் பிராண்டாம வேற இன்னா பண்ணும்?" என்றபடி அவள் அணிலைத் தரையில் விட்டாள்.

நேராகக் குட்டிகளிடம் ஓடும் என்று நினைத்தேன். அது பயந்துபோய் வாஷிங் மெஷினுக்கு அடியில் நுழைந்துகொண்டது. ஏசியின் பின்னாலிருந்து வந்த சத்தம் இப்போது தேய்ந்து, விட்டு விட்டுக் கேட்டது. நான் குனிந்து துடைப்பத்தால் தள்ளப் போனேன்.

"சும்மா இரு டீச்சர். நாம நின்னா அது எப்டி வரும்? உள்ள வா" என்று என் கையைப் பிடித்து இழுத்துக்கொண்டு போய்க் கதவைச் சாத்தினாள். இருவரும் ஜன்னல் வலைக்குப் பின்னால் உட்கார்ந்தோம். கீழிருந்து யாரோ 'மீன்காரம்மா' என்று கூப்பிட்டார்கள். "இரு வரேன்" என்று குரல் கொடுத்தாளே தவிர, எழுந்திருக்கவில்லை. ஐஸ் உருகிக்கொண்டிருக்கும் என்று அவளுக்கும் தெரியும்.

பத்து நிமிடம் இருக்கும். ஒரு மூக்கு வெளியே வந்தது. பிறகு தலை. பிறகு, நன்றாகக் காய்ந்து விரிந்த, அழகான ஒரு முழு வால். சுவரேறி, குழாய் வழியாக ஓடி, ஏசியின் பின்னால் மறைந்தது. கீச் கீச் என்ற சத்தம் ஒரு கணம் வீடு இடிகிற மாதிரி உயர்ந்தது. அப்புறம் ஒரேயடியாக நின்றுபோனது.

மீன்காரம்மா என் முதுகில் ஒன்று போட்டாள். நான் அழுதுகொண்டே சிரித்தேன். அவளும்தான்.

கூத்து அதோடு முடியவில்லை. அரை மணி கழித்துத் தாய் ஒரு குட்டியை வாயில் கவ்விக்கொண்டு வெளியே வந்தது. அது அம்மாவின் கழுத்தைச் சுற்றிப் பந்தாகச் சுருண்டிருந்தது. கேபிள் கம்பி மேல் நடந்து, எதிர்வீட்டு மாமரத்துக்குள் போனது. இந்த வீட்டு டீச்சரை நம்ப முடியாது என்று குடி மாற்றுகிறது, வேறென்ன. நான் சொல்லி அனுப்பியதில் கீழ்வீட்டுக்காரர்கள் மீன் வாங்க மேலேயே வந்துவிட்டார்கள். எல்லோரும் ஜன்னலில் மூச்சைப் பிடித்துக்கொண்டு நின்றோம்.

இரண்டாவது குட்டியும் போனது. மூன்றாவது ஒன்று உள்ளே மெலிதாகக் கத்திக்கொண்டிருந்தது. தாயைக் காணோம். ஐந்து நிமிடம், பத்து நிமிடம். 'களைத்துப்போய் விட்டதோ, என் பெட்டியில் கிடந்து பலமெல்லாம் போய்விட்டதோ' என்று ஜன்னல் வலையில் மூக்கு இடிக்க எட்டிப் பார்த்தேன். கர்த்தரே, இந்த ஒன்றையும் சேர்த்துவிடும் என்று ஆராதனைக்குப் போகாத பாவி வேண்டிக்கொண்டேன். அந்த நேரத்தில்தான் மாமர இலைகள் அசைந்தன. கம்பியில் ஓடி வந்தாள் மகராசி. மூன்றாவதைக் கவ்விக்கொண்டு அவள் மரம் சேர்ந்தபோது ஜன்னலில் நாங்கள் தட்டிய கைதட்டல் தெருமுனை வரை கேட்டிருக்கும்.

சரியாக அப்போது என் கணவர் புதுக் கூண்டோடு உள்ளே வந்தார். "இது எதுக்கு?" என்று கேட்ட மீன்காரம்மா, விஷயம் தெரிந்ததும் விழுந்து விழுந்து சிரித்தாள்.

"வீணாக்காத சார். இதுல டீச்சரை வச்சிப் பூட்டு, ஒரு ரெண்டு நாளிக்கு!"

அன்று மாலை கடிபட்ட விரலுக்காக ஊசி போட்டுக்கொண்டேன். அந்தக் கூண்டில் இப்போது வெங்காயம் இருக்கிறது. நடந்ததைக் குழுவில் ஒளிக்காமல் எழுதினேன். 'அணிலுக்கு வயது ஏழு வாரம் அல்ல. அவள் மூன்று பிள்ளைகளின் தாய். கண்டுபிடித்தது நானல்ல, மீன்காரம்மா.' கீழ்வீட்டு சார் விடவில்லை. 'அந்தக் குட்டிகளுக்கு எத்தனை வாரம் இருக்கும், மேடம்?' என்று கேட்டார். 'தெரியவில்லை, சார். அவங்க அம்மாவைத்தான் கேட்க வேண்டும்' என்று பதில் போட்டேன். இருபத்திரண்டு வருடத்தில் 'தெரியவில்லை' என்று நான் எழுதியது அதுதான் முதல் தடவை. எழுதிவிட்டு நிம்மதியாகத் தூங்கினேன்.

அடுத்த வாரம் சிறப்பு வகுப்பில், பெரும்பாக்கத்திலிருந்து வரும் பெண் ஒருத்தி கடிகாரத்தையே பார்த்துக்கொண்டிருந்தாள். எப்போதும் நான் அதட்டி உட்கார வைக்கிற பெண். கால் ஒரு இடத்தில் நிற்கவில்லை, பெஞ்சை நகத்தால் சுரண்டிக்கொண்டிருந்தாள். அதட்ட வாயெடுத்தவள், பக்கத்தில் போய் மெதுவாகக் கேட்டேன். அம்மா வேலையிலிருந்து வர இரவு எட்டு மணி ஆகுமாம். தம்பி, தங்கை இருவரையும் பக்கத்து வீட்டிலிருந்து கூட்டிப்போய் இவள்தான் சோறு ஆக்கிப் போட வேண்டுமாம். ஒரு வருடமாக நான் குழந்தை என்று நினைத்து உட்கார வைத்திருந்தவள் அவள்.

இப்போதும் என் வகுப்பில் ஒரு பெண் மணியடிக்கும் முன் பையை மாட்டிக்கொண்டு தவித்தால், உட்கார் என்று சொல்வதற்கு முன், "உனக்காக வீட்ல யாராவது காத்துக்கிட்டு இருக்காங்களாம்மா?" என்று கேட்டுவிடுகிறேன்.