ஆட்டுத்தலைக்கு உரிய விருந்தாளி

அன்று அந்தக் கசாக் விழாக் கூடாரத்துக்குள் நாங்கள் மூன்று தமிழர் இருந்தோம். ஐம்பத்திரண்டு வயதுச் சைவ அண்ணை. யாழ்ப்பாணத்தில் பலசரக்குக் கடை வைத்திருந்தவர், முட்டை போட்ட கேக்கைக்கூடத் தொடமாட்டார். அவருக்குப் பக்கத்தில் மன்னார் அண்ணை. கத்தோலிக்கர், கடலிலும் தரையிலும் அசைவது எதையும் வேண்டாம் என்று சொல்லாதவர். மூன்றாவது ஆள் நான். எங்களைச் சுற்றி ஒரு முப்பது ஜெர்மன்காரர் சப்பாத்தைக் கழற்றிவிட்டுச் சம்மணம் கட்டத் தெரியாமல் அவதிப்பட்டுக்கொண்டிருந்தார்கள். கசாக்கியர் என்று சொல்ல ஒரேயொரு பெண்தான் இருந்தார். எங்கள் அறையின் நாலாவது ஆள் வரவில்லை. பிட்சாக் கடையில் கோப்பை கழுவுகிறவன் அவன். விளம்பரத் தாளில் படம் போட்டிருந்த புல்வெளிக் குதிரையும் வரவில்லை. அதற்குப் பதிலாகப் பக்கத்துச் சவாரிப் பள்ளியிலிருந்து ஒரு குட்டைக் குதிரையைக் கொண்டுவந்து நிறுத்தியிருந்தார்கள். அதில் ஏறும் பிள்ளைகளுக்குத் தலைக்கவசம் கட்டாயம்.

தொண்ணூறுகளின் நடுப்பகுதி. ஜெர்மனியில் ஹம் நகரத்துக்குக் கிட்ட ஒரு சிற்றூரில், அகதிகளுக்கான விடுதியில் நாங்கள் நாலு பேரும் ஒரே அறை. வழக்கு முடியும்வரை அகதி விண்ணப்பக்காரன் தன் மாவட்டத்தைவிட்டு வெளியே போகக்கூடாது என்பது சட்டம். போகவேண்டுமானால் வெளிநாட்டவர் அலுவலகத்தில் ‘உர்லாப்ஷைன்’ என்ற விடுப்புத் துண்டு எடுக்கவேண்டும். எதற்குப் போகிறாய், யாரிடம் போகிறாய், எத்தனை மணிக்குத் திரும்புவாய் எல்லாம் எழுதிக் கொடுக்கவேண்டும். சைவ அண்ணைக்கு அது மற்றவர்களைவிடப் பெரிய விஷயம். அவருடைய மேன்முறையீடு இன்னும் ஐந்து கிழமையில் நீதிமன்றத்துக்கு வர இருந்தது. மனைவியும் இரண்டு பெண்பிள்ளைகளும் கொழும்பில் ஒரு லொட்ஜ் அறையில் அந்தத் தீர்ப்புக்காகக் காத்திருந்தார்கள். “அதுவரை உங்கள் பெயரில் ஒரு கறுப்புப் புள்ளி விழக்கூடாது. டிக்கெட் எடுக்காமல் பஸ் ஏறினேன் என்றுகூட இருக்கக்கூடாது” என்று வழக்கறிஞர் சொல்லியிருந்தார். நான்தான் அதை மொழிபெயர்த்தேன்.

எங்கள் வீட்டில் பள்ளிக்கூடப் படி ஏறிய முதல் ஆள் நான். அப்பாவுக்குக் கையெழுத்து என்றால் பெருவிரல். அதனால் அச்சடித்த கடதாசி பொய் சொல்லாது என்றொரு நம்பிக்கை எனக்குள் ஊறிப்போயிருந்தது. அதன்மேல் வட்ட முத்திரையும் விழுந்திருந்தால் பேச்சுக்கே இடமில்லை. விடுதிக்கு வருகிற கடிதங்களையெல்லாம் எல்லாருக்கும் வாசித்துச் சொல்கிறவன் நான்தான். அந்தப் பதவியை எனக்கு யாரும் தரவில்லை. நானே எடுத்துக்கொண்டு, மிகுந்த பொறுப்புணர்ச்சியோடு வகித்துவந்தேன்.

தேவாலய மண்டபத்தில் எங்களுக்கு இலவசமாக ஜெர்மன் படிப்பித்தவர் ஓய்வுபெற்ற புவியியல் ஆசிரியர். பக்கத்து மாவட்டத்துக்காரர். சோவியத் உடைந்த கையோடு கசகஸ்தானுக்குப் போய், மூன்று கிழமை நின்று, ஒரு கூடாரத்தையே விலைக்கு வாங்கிவந்தவர். மரச்சட்டமும் கம்பளியுமாக, வட்டமாக நிற்கும் நாடோடிக் கூடாரம். அதைத் தன் ஊர்ப் புல்வெளியில் மூன்று நாள் நிறுத்தி ‘நாடோடியாக வாழ்ந்து பாருங்கள்’ என்று விழா எடுத்தார். எங்களுக்கு அழைப்பிதழ் தந்தார். அதன் அடியில் அந்த மாவட்டக் கலாசாரப் பிரிவின் வட்ட முத்திரை, நீல மையில்.

“முத்திரை இருக்கு அண்ணை. அந்த மாவட்டமே எங்களைக் கூப்பிடுது. பிறகென்ன?” என்றேன்.

கோப்பை கழுவுகிறவன் கட்டிலில் கிடந்தபடியே சொன்னான்: “கூப்பிடுறது அவங்கள். விடவேண்டியது இவங்களெல்லோ. உர்லாப்ஷைன் இல்லாமல் நான் வரமாட்டன்.”

“நீ அந்தக் கடதாசியை ஒருக்கா வாசிச்சியோ?”

“எனக்கு வாசிக்க ஏலாது. அதுதான் பயமிருக்கு. உனக்கு வாசிக்கத் தெரியும், அதாலை பயமில்லை.”

மன்னார் அண்ணைக்குச் சிரிப்பு வந்துவிட்டது. எனக்கு வரவில்லை. சைவ அண்ணை அழைப்பிதழை இரண்டு கையாலும் வாங்கி, முத்திரையை வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்தார். “தம்பி படிச்ச பிள்ளை. விசயம் தெரியாமல் சொல்லமாட்டார்” என்றார். நாலு வருசமாக ஒரே சுவரைப் பார்த்திருந்த மனிதர். சனிக்கிழமை காலை ரயிலில் மாவட்ட எல்லையைத் தாண்டியபோது அழைப்பிதழைச் சட்டைப் பையில் வைக்காமல், பரிசோதகர் கேட்டால் உடனே நீட்டலாம் என்று மடியில் விரித்தே வைத்திருந்தார். பரிசோதகர் டிக்கெட்டை மட்டும் பார்த்துவிட்டுப் போனார். நான் அதையும் முத்திரையின் கணக்கில் சேர்த்துக்கொண்டேன்.

கூடாரத்தின் வாசலில் நிலைப்படியை மிதிக்கக்கூடாது, மிதித்தால் வீட்டுக்காரரை அவமதித்ததாகும் என்று எழுதி வைத்திருந்தார்கள். அதற்குப் பக்கத்திலேயே தீயணைப்புக் குழாய். நடுவில் அடுப்பு இருக்கவேண்டிய இடத்தில் விறகு அடுக்கி, அடியில் ஒரு சிவப்பு மின்குமிழைச் செருகியிருந்தார்கள். நெருப்பு மூட்ட நகரசபை அனுமதி கொடுக்கவில்லையாம். கூடாரத்தை நிறுத்தவே நாலு மாதம் அலைந்ததாக ஆசிரியர் பெருமையோடு சொன்னார். மூன்று விண்ணப்பம், ஒரு வரைபடம், காற்றைத் தாங்குமா என்று ஒரு பொறியியலாளரின் சான்று. ஞாயிறு மாலை ஆறு மணிக்குள் கூடாரம் புல்வெளியைவிட்டுப் போயிருக்கவேண்டும். தாமதமானால் தண்டம்.

கசாக் அக்கா அல்மாட்டிப் பக்கத்தில் பிறந்தவர். கணவர் அங்கே பிறந்த ஜெர்மன்காரர். பாட்டன் பூட்டனின் சான்றிதழைக் காட்டிக் குடும்பத்தோடு இங்கே வந்துவிட்டார்கள். வெல்வெட் அங்கியும் உயரத் தொப்பியும் போட்டு, தேநீர்ப் பாத்திரத்தின் முன்னால் உட்கார்ந்திருந்தார். பால் விட்ட தேநீர்! ஜெர்மனிக்கு வந்து முதல்முறையாக, கேட்காமலே பால் விட்ட தேநீர். ஆனால் கிண்ணத்தில் பாதிதான் வார்த்தார்.

“என்ன தம்பி, அரைவாசிதான் ஊத்துறா? பாலுக்குத் தட்டுப்பாடோ?” என்று சைவ அண்ணை காதுக்குள் கேட்டார்.

நான் அக்காவிடம் கேட்டேன். பாதி ஊற்றினால் ‘இருங்கள், திரும்பத் திரும்ப ஊற்றுவேன்’ என்று அர்த்தமாம். நிறைய ஊற்றினால் ‘குடித்துவிட்டுக் கிளம்புங்கள்’ என்று அர்த்தமாம்.

“அப்ப வெளிநாட்டவர் அலுவலகத்திலை எங்களுக்கு ஒவ்வொருக்காவும் நிறைய ஊத்துறாங்கள்” என்றார் மன்னார் அண்ணை.

இந்த வழக்கமெல்லாம் கூடாரத்தில் வளர்ந்தபோது பழகியதா என்று மரியாதையாக விசாரித்தேன். அக்கா ஆசிரியர் இருந்த பக்கம் ஒரு பார்வை பார்த்துவிட்டு, குரலைத் தாழ்த்தினார். “நான் வளர்ந்தது அடுக்குமாடியில், ஐந்தாம் மாடி. அப்பா பஸ் டிப்போவில் பொறியியலாளர். தேநீர் வழக்கம் எங்கள் வீட்டிலும் இருந்தது. கூடாரம் எப்படிக் கட்டுவது என்று மட்டும் போன கிழமை ஆசிரியர் காட்டித் தந்தார்.”

பிறகு ஆசிரியர் எழுந்து பேசினார். நாடோடிக்கு வேலி இல்லை. நாடோடிக்கு எல்லை இல்லை. புல் எங்கே பச்சையோ அங்கே போவான், அவனை எங்கே போகிறாய் என்று கேட்க ஒருவருமில்லை. நாமோ வரையப்பட்ட கோடுகளுக்குள் வாழ்ந்து மனதைத் தொலைத்துவிட்டோம். முப்பது பேரும் ஒன்றாகப் பெருமூச்சு விட்டார்கள். ஒரு அம்மையார் கண்ணைத் துடைத்தார். நான் அண்ணைமார் இருவருக்கும் வரிக்கு வரி மொழிபெயர்த்தேன்.

“அப்ப அவங்களிட்டை உர்லாப்ஷைன் கேக்கிறேல்லையோ?” என்றார் சைவ அண்ணை. அவர் பகிடிக்குக் கேட்கவில்லை. உண்மையாகவே தெரிந்துகொள்ள ஆசைப்பட்டார்.

அதன் பிறகுதான் ஆட்டுத்தலை வந்தது. அவித்த முழுத்தலை, காதோடு, பல்லோடு, பெரிய தட்டத்தில். கூட்டத்திலேயே மிகத் தூரத்திலிருந்து வந்த விருந்தாளிக்குத்தான் தலை என்று ஆசிரியர் விளக்கினார். எல்லாக் கண்ணும் எங்கள் பக்கம் திரும்பின. மன்னார் அண்ணை கையை உரசிக்கொண்டு நிமிர்ந்து உட்கார்ந்தார். ஆனால் கசாக் அக்கா ஒரு கேள்வி கேட்டார்: உங்களில் தகப்பன் உயிரோடு இல்லாதவர் யார்? தகப்பன் இருக்கிறவன் தலையை வெட்டக்கூடாதாம்.

என் அப்பா உயிரோடு இருந்தார். மன்னார் அண்ணையின் அப்பா எழுபத்தைந்து வயதிலும் கடலுக்குப் போய்வந்துகொண்டிருந்தார். அப்பனின் தேக சுகத்துக்காக மன்னார் அண்ணை வருத்தப்பட்டதை நான் அன்றைக்கு மட்டும்தான் பார்த்தேன். தட்டம் நேரே போய்ச் சைவ அண்ணையின் மடிக்கு முன்னால் இறங்கியது. ஆடு அவரையே பார்த்தது.

“தம்பி, வேண்டாமெண்டு சொல்லும். மச்சம், இறைச்சி ஒண்டும் தொடுறேல்லை எண்டு சொல்லும்.”

“அவமரியாதை எண்டு நினைப்பினம் அண்ணை.”

“அண்ணை, நீங்கள் தின்னவேண்டியதில்லை. வெட்டிக் குடுத்தால் காணும்” என்று மன்னார் அண்ணை குறுக்கே விழுந்தார். “தலை பெறுகிறவர் வெட்டி மற்றவைக்குப் பங்கு வைக்கவேணுமாம். அக்கா சொல்லுறா. கன்னத்தை இஞ்சாலை தள்ளுங்கோ.”

சைவ அண்ணை கண்ணை மூடி ஏதோ முணுமுணுத்தார். கத்தியை வாங்கினார். முப்பது வருசம் பருப்பையும் வெல்லத்தையும் நிறுத்துக் கொடுத்த கை. ஒருவருக்கும் கூடவும் போகவில்லை, குறையவும் போகவில்லை. காது இளையவனுக்கு என்பதால் எனக்கு. பெரியவர் சொல்லைக் கேட்கவேண்டும் என்பதற்காகவாம். கன்னம் மன்னார் அண்ணைக்கு. மிச்சம் சுற்றியிருந்தவர்களுக்கு. தனக்கென்று ஒரு துணுக்கும் வைத்துக்கொள்ளவில்லை. ஆசிரியர் குரல் தழுதழுத்துவிட்டது. “பாருங்கள்! எல்லாவற்றையும் கொடுத்துவிட்டார்! இதுதான் ஆதிகால நாடோடியின் தாராளம்!” கூடாரமே கைதட்டியது. அந்தக் கைதட்டலுக்குள்தான் உள்ளூர்ப் பத்திரிகைப் புகைப்படக்காரர் நிலைப்படியை மிதித்துக்கொண்டு உள்ளே வந்தார்.

கமெரா எங்கள் பக்கம் திரும்பியதும் நான் முகத்தைத் திருப்பினேன். ஆனால் ஃபிளாஷ் அடித்தாயிற்று. கத்தியோடு சைவ அண்ணை, காதோடு நான், கன்னத்தோடு மன்னார் அண்ணை. புகைப்படக்காரர் குறிப்புப் புத்தகத்தை எடுத்து என்னைக் கேட்டார்: “எங்கிருந்து?”

‘இலங்கை’ என்று சொல்லியிருக்கலாம். உண்மையாகவே அது போதும். ஆனால் கேள்விக்கு முழு வாக்கியத்தில்தான் பதில் சொல்லவேண்டும் என்று ஆசிரியர் வகுப்பில் படிப்பித்திருந்தார், அவர் பக்கத்திலேயே நின்று கவனித்துக்கொண்டும் இருந்தார். நாங்கள் இலங்கையிலிருந்து வந்தவர்கள், இப்போது இன்ன ஊரில் இன்ன தெருவிலுள்ள விடுதியில் வசிக்கிறோம், இன்று காலை ரயிலில் இங்கே வந்தோம் என்று ஒரு வேற்றுமை உருபு பிசகாமல் சொன்னேன். ஆசிரியர் என் தோளைத் தட்டினார். புகைப்படக்காரர் ஒரு சொல் விடாமல் எழுதிக்கொண்டார்.

செவ்வாய்க்கிழமைப் பத்திரிகையில் மூன்று பத்தி அகலத்துக்குப் படம் வந்தது. மன்னார் அண்ணை ஐந்து பிரதி வாங்கிவந்தார், ஊருக்கு அனுப்ப. கோப்பை கழுவுகிறவன் படத்துக்குக் கீழே இருந்ததை வாசிக்கச் சொன்னான். வாசித்தேன். எங்கள் விடுதி இருந்த ஊரின் பெயரும் தெருவும் வந்த இடத்தில் வாசிப்பதை நிறுத்தினேன். சைவ அண்ணை பத்திரிகையைத் தன் பக்கம் திருப்பி, கத்தி பிடித்த தன் கையையே நெடுநேரம் பார்த்துக்கொண்டிருந்தார்.

அடுத்த கிழமை அனுமதிப் பத்திரத்தைப் புதுப்பிக்க வெளிநாட்டவர் அலுவலகத்துக்குப் போனோம். அலுவலர் எங்களைக் கண்டதும் முகம் மலர்ந்தார். “அருமையான படம்! வீட்டிலே வெட்டி வைத்திருக்கிறேன்.” மனதாரத்தான் சொன்னார். அதே மலர்ச்சியோடு இழுப்பறையைத் திறந்து மூன்று தண்டப் படிவங்களை எடுத்தார். நான் அழைப்பிதழை நீட்டினேன். அவர் முத்திரையைப் பார்த்து, “இது பக்கத்து மாவட்டத்துடையது. அங்கே உள்ளே வரலாம் என்கிறது. இங்கிருந்து வெளியே போகலாம் என்று சொல்லவில்லையே” என்றார். கட்டிலில் கிடந்தவன் சொன்ன அதே நியாயம். இப்போது ஜெர்மன் மொழியில் சொல்லப்பட்டதால் எனக்கு விளங்கியது.

மஞ்சள் உறையில் தண்டக் கடிதங்கள் வந்தபோது, ஆட்சேபம் எழுதுவோம் என்றேன். சட்டப்பிரிவெல்லாம் தேடி வைத்திருந்தேன். இரண்டு பக்கம் எழுதியும் முடித்திருந்தேன்.

சைவ அண்ணை அதுவரை என்னோடு உரத்துப் பேசியதில்லை. அன்றைக்கும் உரக்கப் பேசவில்லை. “தம்பி, உம்மட நியாயம் சரியாகவே இருக்கட்டும். ஆட்சேபம் எழுதினால் வழக்கு இழுபடும். என்ர வழக்குக்கு இன்னும் மூண்டு கிழமைதான் கிடக்கு. கட்டிப்போட்டு வாயை மூடிக்கொண்டிருப்பம். என்ர பிள்ளையள் லொட்ஜிலை இருக்குதுகள்.”

இரண்டு பக்கத்தையும் மடித்து வைத்தேன். காசைக் கட்டினோம். தண்டம் உடனே கட்டப்பட்டது, ஒரு பண்பாட்டு விழாவில் மரியாதைக்குரிய விருந்தாளியாக இருந்ததுதான் குற்றம் என்று வழக்கறிஞர் நீதிமன்றத்துக்கு ஒரு கடிதம் எழுதினார். விசாரணை நாளில் நீதிபதி அந்தக் கடிதத்தை வாசித்து, பத்திரிகைப் படத்தையும் ஒருமுறை பார்த்து, “அது ஆட்டுத்தலையா?” என்று மட்டும் கேட்டார். ஓம் என்றார் சைவ அண்ணை. நீதிபதி அடுத்த பக்கத்துக்குப் போனார். வழக்கு வென்றது. பிள்ளைகள் வர இன்னும் பதினான்கு மாதம் ஆனது. ஆனால் அது எங்களால் ஆன தாமதமில்லை என்று வழக்கறிஞர் சத்தியம் பண்ணினார்.

தண்டம் ஆளுக்கு நூறு மார்க். அதற்கு மேல் அலுவலகக் கட்டணம் ஆளுக்கு முப்பத்தொன்று. வழக்கறிஞர் கடிதம் நூற்றைம்பது. ரயில் டிக்கெட் மூன்று பேருக்கும் இருபத்தைந்து மார்க் இருபது ஃபெனிக். மன்னார் அண்ணையின் ஐந்து பத்திரிகைகள் ஏழு மார்க். அவர் அதையும் பொதுச் செலவில்தான் போட்டார். எல்லாமாக ஐந்நூற்று எழுபத்தைந்து மார்க், இருபது ஃபெனிக்.