அமாவாசைக்கு ஒரு கட்டு அகத்திக்கீரை

இன்று அமாவாசை. பசுவுக்குக் கொடுக்க அகத்திக்கீரை வாங்கிக்கொண்டு போனேன்.

எங்கள் கே.கே. நகர் தெருமுனையில் எப்போதும் நிற்கும் பசு, லட்சுமி, செத்துக் கிடந்தது. வயிறு உப்பியிருந்தது. மாட்டுக்காரர் அதன் தலைமாட்டில் உட்கார்ந்திருந்தார்.

"என்னண்ணே ஆச்சு?"

"நேத்து டாக்டர் வந்து பாத்தாரு. வயிறு பூராம் பாலித்தீன் பைன்னாரு. விடியக்காலம் போயிருச்சு."

என் கையிலிருந்த கீரைக் கட்டைப் பார்த்தார். பிறகு சொன்னார்: "அமாவாசைன்னா இம்புட்டுக் கீரை வருது. அவசரத்துல எல்லாரும் பையோட வச்சுட்டுப் போயிர்றாக. வாயில்லாச் சீவன், பையப் பிரிச்சா திங்கும்?"

அப்போது ஸ்கூட்டரில் ஓர் அக்கா வந்தார். கையில் கீரை, முடிச்சுப் போட்ட பாலித்தீன் பையில்.

விஷயத்தைச் சொன்னேன். அவருக்குக் கண் கலங்கிவிட்டது. "அய்யோ, மகாலட்சுமியில்ல!" என்று குனிந்து லட்சுமியைத் தொட்டுக் கும்பிட்டார்.

நிமிர்ந்ததும் என்னிடம் கேட்டார்: "பக்கத்துல வேற மாடு எங்க நிக்கும்? ஆபீசுக்கு நேரமாச்சு."

அடுத்த தெருவில் ஒன்று நிற்கிறது, கன்றோடு. தெரியாது என்று சொல்லிவிட்டேன்.

உங்கள் தெருவில் பசு இருக்கிறதா? இருந்தால், தயவுசெய்து யாரிடமும் சொல்லாதீர்கள்.