முயல் என்று சொல்லாத ஜோபிக்

ஜோபிக்கைப் போன வாரம்தான் அடக்கம் செய்தோம். ஆளாளுக்கு அவரைப் பற்றி ஒரு கதை சொல்கிறார்கள். ஐஸ்லாந்துக் கடலில் மீன் பிடித்ததை ஒருவர், சண்டையில் வாங்கிய பதக்கத்தை இன்னொருவர். எனக்கோ என் முயல் கொட்டில் முன்னால் கையைப் பின்னால் கட்டிக்கொண்டு நின்ற மனிதர்தான் கண்ணுக்குள் நிற்கிறார்.

அது சாதாரணக் கொட்டில் இல்லை. முதல் உலகச் சண்டையில் எங்கள் ஆற்று முகத்தில் கடற்படை பறக்கும் படகுகளை வைத்திருந்தது. அடியில் மரப்படகு, மேலே துணி இறக்கை, ஓட்டுகிறவன் தலைக்குப் பின்னால் எஞ்சின். தண்ணீரில் ஓடி எழும்பும். நீர்மூழ்கிகளைத் தேடிப் போய்விட்டுத் தண்ணீரிலேயே வந்து இறங்கும். சண்டை முடிந்ததும் இறக்கையையும் எஞ்சினையும் கழற்றிவிட்டு மரப்படகை மட்டும் ஏலம் விட்டார்கள். புருஷனைச் சண்டைக்குக் கொடுத்தவள் நான், எனக்கும் ஏதாவது வரட்டுமே என்று ஒன்றை எடுத்து, கம்பி வலை அடித்து, முயல்களை விட்டேன்.

அடுத்த ஞாயிறு, பூசை முடிந்த கையோடு ஜோபிக் வந்து நின்றார். அந்தப் படகு பறந்த காலத்தில் அதன் எஞ்சினைப் பார்த்துக்கொண்டவர் அவர்தான். எங்கள் மாலுமிகள் படகில் முயலின் பெயரைச் சொல்ல மாட்டார்கள். கயிற்றையும் பலகையையும் கடித்துக் கப்பலையே கவிழ்க்கிற சாதி, வாயால் சொன்னாலே வந்துவிடும் வினை என்பார்கள்.

"கத்தெல், அந்த நீளக்காதுக்காரங்கள வெளிய எடு. இது படகு."

"படகா? என் கோசுத் தோட்டத்துலயா?"

"எங்க கெடந்தாலும் படகு படகுதான்."

"அப்படின்னா அதுமேல கைய வெச்சு 'முயல்'னு ஒரே ஒரு தடவ சொல்லுங்க, மாலுமியாரே. குதிரையப் பூட்டி நானே உங்க வீட்டுல கொண்டாந்து எறக்கிடறேன்."

அவர் முகம் சுண்டிப்போனது. ஒரு கிண்ணம் ஆப்பிள் மது குடித்தார், போய்விட்டார். அடுத்த ஞாயிறும் வந்தார். அதற்கடுத்த ஞாயிறும். நானும் விடவில்லை. உண்மையைச் சொன்னால், ஞாயிற்றுக்கிழமை எப்போது வரும் என்று இருந்த காலம் அது. அந்த வீட்டில் பேசுவதற்கு எனக்கு வேறு யார் இருந்தார்கள்?

இலையுதிர் காலத்தில் ஒருநாள் கொஞ்சம் அதிகமாகவே சீண்டிவிட்டேன். "வாய்க்குப் பூட்டா போட்டிருக்கு? ஒரு வார்த்தைக்கு இவ்வளவு பயமா?"

"அந்த வார்த்தை ஒரு உசுர வாங்கியிருக்கு," என்றார்.

அந்தப் படகை ஓட்டியவன் ஒக்தாவ், பாரிஸ் பையன், மீசைகூடச் சரியாக முளைக்காதவன். அன்று காலை கிளம்பும்போது இவரைச் சீண்டுவதற்கென்றே கத்தினானாம்: "ஜோபிக் அண்ணே! முயல், முயல், முயல்! பாருங்க, ஒண்ணும் ஆகல!" தீவுகளைத் தாண்டியதும் எஞ்சின் நின்றது. கடலில் இறங்கினார்கள். படகில் கூண்டில் வைத்திருந்த தூதுப் புறாக்களைச் செய்தியோடு விட்டார்கள். ஊரெல்லாம் மூடுபனி, ஒன்றும் போய்ச் சேரவில்லை. இரண்டு நாள் அலையில் கிடந்து, ஒரு மீன்பிடிப் படகு கண்டு கட்டி இழுத்தபோது பையன் குளிரில் செத்திருந்தான்.

"ரெண்டு நாளும் அவனத் திட்டித் தீத்தேன், கத்தெல். அடக்கத்துக்கு வந்த அவன் அம்மா, 'எப்படிங்க ஆச்சு'ன்னு என்கிட்டதான் கேட்டாங்க. 'உங்க புள்ள வாய்தான் அவனக் கொன்னுச்சு'ன்னு சொல்லிட்டேன்."

எனக்கு வந்ததே கோபம்! "அடப் பாவி மனுஷா! பெத்தவகிட்டயா? நான் தெனம் இந்தப் படகுக்குள்ள தலைய விட்டு இருபது தடவ முயல்னு சொல்றேன். இடியா விழுந்துச்சு?"

"நீ கரைக்காரி. உன்ன அது ஒண்ணும் பண்ணாது."

"அப்ப நீங்க சொல்லுங்க. அந்தப் புள்ள மேல பழி போட்டீங்களே, அது நெசமான்னு தெரிஞ்சுக்க வேணாமா?"

அவர் கம்பி வலைக் கதவைத் திறந்தார். பிறகு ஞாயிற்றுக்கிழமை உடுப்போடு உள்ளே ஏறி, முயல்களை ஒதுக்கிவிட்டு, ஒக்தாவின் இடத்தில் உட்கார்ந்தார். பலகையில் கையை வைத்தார்.

"முயல்." குரலே எழும்பவில்லை. மறுபடி, கத்தியே சொன்னார். நான்கூடச் சிலுவை போட்டுக்கொண்டேன், பொய் சொல்வானேன்.

முயல்கள் கோசு இலையைத் தின்றுகொண்டிருந்தன. பொழுது சாய்கிறவரை அவர் எழுந்திருக்கவில்லை.

"ஒண்ணும் ஆகலியே, கத்தெல்," என்றார் கடைசியில். "எஞ்சின் நின்னுச்சு, அவ்வளவுதான். அது நான் பாத்துக்கிட்ட எஞ்சின்." அப்படியே விம்மி விம்மி அழுதார். நான் பக்கத்தில் போய் நின்றேன்.

மறுநாளே பாரிசுக்கு ரயில் ஏறினார். வெண்ணெய் ரொட்டி கட்டிக் கொடுத்தேன். அடுத்த ஞாயிறு வந்தவர் படகைப் பற்றிப் பேச்சே எடுக்கவில்லை.

"அந்தம்மாகிட்டச் சொன்னீங்களா?"

"எல்லாத்தையும் சொன்னேன். எஞ்சினப் பத்தியும்."

"திட்டினாங்களா?"

"இல்ல. ஒண்ணே ஒண்ணுதான் கேட்டாங்க. அந்த ரெண்டு நாளும் அவனுக்கு ரொம்பக் குளுருச்சான்னு."

"என்ன சொன்னீங்க?"

"என் கோட்டையும் அவனுக்குத்தான் போத்தியிருந்தேன்னு."

"நெசமாவே போத்தினீங்களா? அவ்வளவு திட்டுத் திட்டிக்கிட்டா?"

என்னை ஒரு மாதிரி பார்த்தார். "கோவம்னா போத்தாம இருப்பாங்களா, கத்தெல்?"