பதிவேட்டில் ஏழாவது வரி

வேலூர் நீதிமன்றத்தில் கறுப்புக் கோட்டுக் கூட்டத்தில் தேவானந்தத்தைத் தேடினால் கிடைக்கமாட்டார். பதினைந்து வருஷமாக அவர் அந்தப் பக்கம் வாதாடப் போனதே இல்லை. ஆம்பூர் பேருந்து நிலையத்துக்குப் பின்னால், ஷூவுக்கு அடிப்பாகம் விற்கும் கடைக்கு மேல்மாடியில் அவருடைய அறை. பலகையில் வழக்கறிஞர் என்றுதான் இருக்கும். ஆனால் அந்தப் படியேறி வருகிற எவனும் தன் வழக்கைச் சொல்ல வருவதில்லை, அடுத்தவன் வண்டவாளத்தைக் கேட்டு வருகிறான். இதில் எந்தக் கட்சியும் விலக்கில்லை. மேடையில் ஒருவரையொருவர் கிழிகிழியென்று கிழிக்கிறவர்கள், இந்த மாடிப்படியில் எதிர்ப்பட்டால் மட்டும் மரியாதையாக ஒதுங்கி வழிவிடுவார்கள்.

ஆரம்பத்தில் அவர் விபத்து வழக்குகள்தான் பார்த்தார். லாரி மோதிக் கால் போயிற்று என்று நஷ்டஈடு கேட்டு ஒருத்தன் வழக்குப் போட்டிருந்தான். கொஞ்சம் விசாரித்துச் சொல்லுங்கள் என்றது காப்பீட்டு நிறுவனம். தேவானந்தம் நாலு நாள் அலைந்து, அந்தக் கால் போனது தோல் பதனிடும் டிரம்மில் சிக்கி, லாரிக்கும் அதற்கும் ஒட்டும் இல்லை உறவும் இல்லை என்று ஆதாரத்தோடு கொண்டுவந்து வைத்தார். வழக்கு தள்ளுபடி. நீதிமன்ற வாசலில் அந்த ஆள் கட்டையை ஊன்றிக்கொண்டு நின்று, "கால் போனது நெஜம்தானே சார்?" என்று கேட்டான். தேவானந்தத்துக்கு இரண்டு நாள் சோறு இறங்கவில்லை. அடுத்த ஆளுக்கு ஒரு வேளைதான் இறங்கவில்லை. அதற்கடுத்த ஆளுக்குச் சாப்பிட்டுக்கொண்டே அறிக்கை எழுதினார். மனுஷனுக்கு எதுதான் பழகாது, சொல்லுங்கள்.

பிறகு அரசியல் வந்தது. வேட்புமனுவோடு தருகிற பிரமாணப் பத்திரத்தில் புளுகாத வேட்பாளர் யார்? ஒருவர் கலவை என்கிற ஊரில் இருந்த இரண்டாவது குடும்பத்தை மறைத்தார். பள்ளிக்கூட மாற்றுச் சான்றிதழில் தகப்பன் பெயரைப் பார்த்து தேவானந்தம் அதை வெளியே எடுத்தார். அந்தப் பிள்ளை அதற்கப்புறம் பள்ளிக்கூடத்துக்கே போகவில்லை என்று யாரோ சொன்னார்கள். அப்படியா என்று கேட்டுக்கொண்டார். அவர் மனைவி இவாஞ்சலின் நர்ஸ். "இன்னாதான் ஆச்சு உங்களுக்கு? மரத்துப்போன கையில ஊசி போட்ட மாதிரி இருக்கீங்க," என்பாள். அவருக்கும் அது தெரியும். தெரிந்து என்ன செய்ய?

இரண்டாயிரத்து இருபத்தொன்றில் உள்ளாட்சித் தேர்தல் வந்தபோது கோதண்டபாணி மாடியேறி வந்தார். பள்ளிகொண்டா பக்கத்தில் ரோடு, பாலம் எல்லாம் அவருடைய காண்டிராக்ட்தான். அவருடைய ஊராட்சித் தலைவர் பதவி இந்தத் தடவை பட்டியல் சமூகப் பெண்ணுக்கு என்று ஒதுக்கீடாகிவிட்டது. அதனால் தன் பம்புசெட்டில் வேலை பார்க்கிறவனுடைய பெண்சாதியை நிற்க வைத்திருந்தார். ஜெயித்தால் கையெழுத்து அவளுடையது, நாற்காலி இவருடையது. ஆனால் குறுக்கே மோகனா என்று ஒருத்தி நின்றாள். ஷூ கம்பெனியில் தையல் லைனுக்கு சூப்பர்வைசர். ஊரில் பாதி வீட்டுப் பெண்கள் அவளோடு ஒரே பஸ்ஸில் வேலைக்குப் போகிறவர்கள்.

"அந்தப் பொண்ணு ஞாயித்துக்கிழமையானா சர்ச்சுக் கோயிலுக்குப் போவுது சார். சர்டிபிகேட்ல இந்துன்னு இருக்குது. கிறிஸ்டியன்னு காட்டிட்டா மனு செல்லாது. நீங்க அந்த ஊர்க்காரர்தானே? அந்தக் கோயில் ஞானஸ்நானப் புஸ்தகத்துல இருக்குமில்ல?"

இருக்கும். பட்டியல் சமூகத்துக்காரர் கிறிஸ்தவரானால் அந்தச் சலுகை போய்விடும் என்பது சட்டம். அதனால் பாலாற்றங்கரைச் சேரிகளில் எத்தனையோ வீடுகளில் பிள்ளைக்குக் கோயிலில் ஒரு பெயர், பள்ளிக்கூடத்தில் ஒரு பெயர். தேவானந்தத்தின் அப்பா மூத்த பிள்ளையான அவரைக் கோயில் பெயரிலேயே கிறிஸ்தவன் என்று பள்ளியில் சேர்த்துவிட்டு, அவர் உதவித்தொகை கிடைக்காமல் பட்ட பாட்டைப் பார்த்து, இளையவளை உஷாராக சரஸ்வதி, இந்து என்று சேர்த்தார். கோயிலில் அவள் சாரா. இன்றைக்கு அதே ஊர் அரசுப் பள்ளியில் ஆசிரியை. அந்தச் சான்றிதழால் கிடைத்த வேலை.

சாராவுக்கும் மோகனாவுக்கும் ஒரே ஞாயிற்றுக்கிழமையில் ஞானஸ்நானம். ஒரே பக்கத்தில் பதிவு. தேவானந்தத்துக்கு அது ஞாபகம் இருந்தது. பத்து வயசுப் பையனாகப் பக்கத்தில் நின்றவர் அல்லவா. முடியாது என்று சொன்னால் கோதண்டபாணி வேறு ஆளை அனுப்புவார். அவன் பக்கத்தை முழுசாகத் தூக்கிக்கொண்டு போவான், தங்கச்சியின் வேலை போய்விடும். தானே போனால் அந்த ஒரு வரியை மறைக்கலாம். மோகனாவைப் பற்றி அவர் யோசிக்கவில்லை. அதுதான் உண்மை. அவளைப் பற்றி யோசிக்க அவருக்குத் தோன்றவே இல்லை.

கோயில் சாவி வைத்திருந்த பெரியவர், நம்ம ஊர்ப் பிள்ளை என்று எதுவும் கேட்காமல் பீரோவைத் திறந்துவிட்டார். ஏழாவது வரி சாரா. எட்டாவது வரி மோகனா; அவளுக்கு மட்டும் கோயிலிலும் அதே பெயர். நெடுஞ்சாலையோரத்து ஜெராக்ஸ் கடையில், ஏழாவது வரியின் மேல் ஒரு வெள்ளைக் காகிதத் துண்டை வைத்து நகல் எடுத்தார். தனி வரியை மட்டும் வெட்டி எடுத்தால் எவனும் போலி என்பான், பக்கமாக இருந்தால்தான் நிற்கும் என்பது அவருடைய தொழில் அனுபவம். அந்த அனுபவமே அவரைக் கவிழ்த்தது. ஆறுக்கு அப்புறம் எட்டு வந்தால் எந்த முட்டாளும் கேட்பானே!

மனு பரிசீலனை ஒன்றிய அலுவலகத்தில் நடந்தது. தேர்தல் அலுவலர் நகலைத் தூக்கி வெளிச்சத்தில் பார்த்தார்.

"ஏழாம் நம்பர் எங்க?"

கோதண்டபாணி திரும்பி தேவானந்தத்தைப் பார்த்தார். தேவானந்தம் சுவரைப் பார்த்தார்.

மோகனாவின் வக்கீல் பரணிதரன் சட்டென்று எழுந்தார். "இது திருத்தின நகல் சார். இத வெச்சி மனுவத் தள்ள முடியாது."

"உண்மைதான்," என்றார் அலுவலர். "ஏம்மா, இதுல இருக்கறது நீங்க இல்லன்னு சொன்னீங்கன்னா, நான் உங்க மனுவ ஏத்துக்கிறேன். அப்புறம் அவங்க கோர்ட்டுக்குப் போவட்டும். சொல்லுங்க, இது நீங்களா?"

மோகனா நகலை வாங்கிப் பார்த்தாள். வெள்ளையாக இருந்த இடத்தில் விரலை வைத்தாள். பிறகு தலையைத் தூக்கி, கூட்டத்தில் தேவானந்தத்தைத் தேடிப் பார்த்தாள். ஒரு வார்த்தை போதும், இல்லை என்று. ஊரே சேர்ந்து அவளை ஜெயிக்க வைத்துவிடும்.

"நான்தான் சார்," என்றாள். "எனக்கு ஞானஸ்நானம் ஆயிருக்குது. கோயிலுக்கும் போறேன்."

பரணிதரன் தலையில் கைவைத்துக்கொண்டு உட்கார்ந்துவிட்டார். மனு நிராகரிக்கப்பட்டது. அதை எழுதிக் கையெழுத்துப் போட அலுவலருக்குப் பத்து நிமிஷம்கூட ஆகவில்லை.

வெளியே புங்கமரத்தடியில் தேவானந்தம் பைக்கை எடுக்கும்போது அவள் வந்தாள். சின்ன வயசில் கூப்பிட்ட மாதிரியே கூப்பிட்டாள்.

"அண்ணா."

அவர் நின்றார்.

"நீங்க மறைச்சதாலதான்ணா எனக்கு அது சாரா பேருன்னு புரிஞ்சிது. நான் இல்லன்னு சொல்லியிருந்தா அந்தக் கோதண்டபாணி சும்மா வுடுவானா? புஸ்தகத்தையே தூக்கினு கோர்ட்டுக்குப் போவான். அப்போ அவ வேலை போய்டும். எங்க தெருப் பொண்ணுங்கள வூடு வூடா வந்து பள்ளிக்கூடத்துக்கு இட்னு போறவ அவ ஒருத்திதான். தலைவர் யாராச்சும் வருவாங்க, போவாங்க."

அவள் குரலில் கோபம் இல்லை. கோபப்பட்டிருந்தால் அவருக்கு வசதியாக இருந்திருக்கும். நெஞ்சுக்குள் ஏதாவது அசைகிறதா என்று பார்த்தார். அங்கே ஒன்றும் இல்லை. தன்மேலேயே ஒரு பயம் மட்டும் வந்தது.

"ஒண்ணு கேக்கணும்ணா. நீங்க சட்டம் படிச்சவரு. எம் பொண்ணு சங்கீதா நர்சிங் சேந்திருக்குது, அதே சர்டிபிகேட்லதான். இன்னிக்கு நான் உள்ள சொன்னதால அவளுக்கு எதாச்சும் பேஜார் வருமா?"

வரும். இந்த உத்தரவின் நகலோடு ஒரு மனு போட்டால் போதும். மூன்று மாதத்தில் விசாரணை, ஆறு மாதத்தில் சான்றிதழ் ரத்து. எந்த அலுவலகம், எந்த மேசை என்பதுகூட அவருக்குத் தெரியும்.

"வராதும்மா," என்றார்.

"சரிண்ணா. நீங்க சொன்னா போதும்," என்று சொல்லிவிட்டு, இரண்டு மணி ஷிஃப்டைப் பிடிக்க பஸ் நிறுத்தத்துக்கு நடந்தாள்.

அவள் சாலையைக் கடப்பதற்குள் கோதண்டபாணி சிரித்துக்கொண்டே வந்து தோளில் கைபோட்டார். "கலக்கிட்டீங்க சார். ஆனா இந்தப் பொண்ணு சும்மா இருக்காது, அடுத்த தபாவும் எதாச்சும் பண்ணும். அது மக நர்சிங் படிக்குதாம். அந்த சர்டிபிகேட்டயும் ஒரு பார்வை பாத்துடுங்க. வாலாட்டாம இருக்கும்."

எதிர்ப்பக்கம் மோகனா பஸ்ஸுக்குக் காத்து நின்றாள். இவரைப் பார்த்துக் கையசைத்தாள்.

"பாக்கலாங்க," என்றார் தேவானந்தம். சொன்னது தன் வாய்தான் என்று உறைக்க அவருக்குக் கொஞ்ச நேரம் பிடித்தது. அதற்குள் கோதண்டபாணி காரில் ஏறிப் போயிருந்தார்.