ஏரி கிடைக்கவில்லை

இரும்புலியூர் அச்சுதனுக்குத் தன்னைப் பற்றி ஒரு பெருமை உண்டு. உண்டு என்பதைவிட, போன மார்ச் வரைக்கும் இருந்தது என்று சொல்வதுதான் சரி. எந்தக் குறையும் தன் கண்ணுக்குத் தப்பாது என்கிற பெருமை அது. அது எப்படிப் போயிற்று என்பதை இப்போது அவரே கல்யாண வீட்டுப் பந்தியிலும், கம்பெனி பஸ்ஸிலும், பால் பூத்திலும்கூடச் சொல்லிக்கொண்டு திரிகிறார். அதனால் நாம் சொல்லி அவர் மானம் புதிதாக ஒன்றும் போய்விடப் போவதில்லை.

சிங்கப்பெருமாள் கோவில் பக்கம் கார்க் கதவுகளுக்குக் கீல் செய்கிற கம்பெனி ஒன்றில் இருபத்தேழு வருஷமாகத் தரம் பார்க்கிறவர் அவர். கீலைக் கையில் எடுப்பார், வெளிச்சத்தில் ஒரு திருப்புத் திருப்புவார், மயிரிழை பிசகு இருந்தாலும் சிவப்பு டேக் கட்டி மூலையில் போட்டுவிடுவார். அத்தோடு விடலாமில்லையா? விட மாட்டார். வீட்டுக்கு வந்தாலும் அதே கண்தான். தோசை ஒரு ஓரத்தில் தடிமன் என்பார். கல்யாணப் பத்திரிகையில் மாப்பிள்ளை பெயர் ஒரு நூல் கீழே இறங்கியிருக்கிறது என்பார். "உங்களைப் பண்ணினவர் மட்டும் செக் பண்ணாம அனுப்பிட்டார், என்ன செய்யறது" என்பாள் மனைவி காமு. அவள் பள்ளிக்கூடத்தில் கணக்கு டீச்சர். அச்சுதன் அதையும் பாராட்டு என்றே எடுத்துக்கொண்டார்.

ஒரே பெண் ஸ்ம்ருதி. சோழிங்கநல்லூரில் சாஃப்ட்வேர் வேலையில் இருந்தவள், இரண்டு வருஷம் முன்னால் அதை விட்டுவிட்டு மாடி அறையில் உட்கார்ந்து வீடியோ கேம் செய்ய ஆரம்பித்தாள். விளையாட இல்லை, செய்ய. இந்த வித்தியாசத்தைச் சொந்தக்காரர்களுக்கு விளக்கி விளக்கி அச்சுதனுக்குத் தொண்டை வறண்டதுதான் மிச்சம். விளக்கும்போது அவருக்கே அதில் நம்பிக்கை வந்ததில்லை என்பது வேறு விஷயம்.

அவள் செய்த விளையாட்டுக்குப் பெயர் 'லோடு'. ஆடுகிறவர் தண்ணீர் லாரி டிரைவர். படப்பை பக்கத்துக் கிணற்றில் நிரப்பிக்கொண்டு வந்து, அடுக்குமாடி வீடுகளின் தொட்டியில் இறக்க வேண்டும். வழியில் தோண்டிப் போட்ட ரோடு, குறுக்கே எருமை, 'எங்க பிளாக்குக்குத்தான் முதல்ல' என்று மல்லுக்கு நிற்கிற சங்கச் செயலாளர் என்று ஏகப்பட்ட ரகளை. பெங்களூரில் புது விளையாட்டுகளுக்கு ஒரு போட்டி நடக்கிறது. வருவதில் பத்தை எடுத்து, செய்தவர்களை வரவழைத்து, பெரிய கம்பெனிக்காரர்கள் முன்னால் காட்டச் சொல்வார்கள். அந்தப் பத்தில் வந்தால் தொடர்வது, வராவிட்டால் மறுபடி வேலைக்குப் போய்விடுவது என்று அம்மாவுக்கு வாக்குக் கொடுத்திருந்தாள் ஸ்ம்ருதி. புதன்கிழமை விளையாட்டை அனுப்பினாள். வெள்ளிக்கிழமை தோழி கல்யாணத்துக்குத் திருச்சி கிளம்பினாள்.

வாசலில் செருப்பு வாரை மாட்டிக்கொண்டே, "அப்பா, மாடியில கேம் போட்டு வச்சிருக்கேன். முடிஞ்சா ஆடிப் பாரு. கட்டாயமில்லை" என்றாள்.

"அனுப்பினப்புறம் செக் பண்ணி என்ன பிரயோஜனம்?"

"செக் பண்ண வேண்டாம்பா. ஆடு, போதும்."

சனிக்கிழமை டிபன் முடிந்ததும் அச்சுதன் மாடி ஏறினார். கையில் நோட்டு, பேனா, வாசிக்கிற கண்ணாடி, ஒரு டார்ச்சு. டார்ச்சு எதற்கு என்று இன்றைக்குக் கேட்டால் அவருக்கே சிரிப்பு தாங்குவதில்லை. மத்தியானத்துக்குள் பதினான்கு குறை எழுதிவிட்டார். எருமையின் நிழலில் ஐந்து கால். செயலாளர் கைக்கடிகாரம் எப்போதும் நாலு பத்து. இதெல்லாம் சில்லறை. அடுத்து, கம்பெனியில் செய்கிற மாதிரி, எதைச் செய்யக் கூடாதோ அதைச் செய்து பார்க்கத் தொடங்கினார். கீலைத் திறக்கிற பக்கம் மட்டுமா இழுத்துப் பார்ப்பார்கள், எதிர்ப்பக்கமும் முறுக்கிப் பார்ப்பார்கள்.

ஊர்க்கோடியில் வறண்ட ஏரி ஒன்று இருந்தது. அங்கே தண்ணீர் கேட்பார் யாருமில்லை. அச்சுதன் லாரியை ரிவர்ஸ் எடுத்து, முழு லோடையும் ஏரிக்குள் திறந்துவிட்டார். ஒன்றும் ஆகவில்லை. இன்னொரு லோடு. மறுபடி ஒன்று. அடுக்குமாடிக்காரர்கள் போன் போட்டுத் திட்டுகிறார்கள், இவர் காதிலேயே வாங்கவில்லை. ஏழாவது லோடில் லாரி இரண்டாகப் பிளந்தது. எருமை தலைகீழாகப் பறந்தது. ஙொய்யென்று ஒரு சத்தம். திரை முழுக்க நீலமாகி, வெள்ளை எழுத்து வந்தது.

பிழை. ஏரி கிடைக்கவில்லை. சேமித்தவை அழிக்கப்படுகின்றன.

கீழே ஒன்று, இரண்டு, மூன்று என்று எண்கள் ஓடின. "ஐயையோ!" என்று எழுந்தார் அச்சுதன். குறை தெரிந்தால் லைனை நிறுத்து என்பது அவர் பிழைப்பின் முதல் பாடம். அந்தப் பதற்றத்திலும் போனில் ஒரு படம் எடுத்துக்கொண்டு, சுவரில் சுவிட்சை அணைத்தார். யு.பி.எஸ். கீச்சுக்கீச்சென்று கத்திக்கொண்டு கம்ப்யூட்டரைத் தாங்கிப் பிடித்தது. அதையும் பிடுங்கிப் போட்டார். பிறகு எல்லாவற்றையும் மாட்டி, மறுபடி ஏழு லோடு கொட்டினார். மறுபடி நீலம். மறுபடி பிடுங்கினார். ஒரே இடத்தில் இரண்டு தடவை வந்தால் அது நிச்சயமான குறை, அதில் பேச்சே இல்லை.

காபியோடு வந்த காமு, "என்ன ஆச்சு, மூஞ்சியெல்லாம் வேர்த்துக் கொட்டறது?" என்றாள்.

"ஒண்ணுமில்லை, நீ போ."

ஸ்ம்ருதிக்குப் போன் போடலாமா என்று எடுத்தார். வைத்துவிட்டார். பாவம், குழந்தை கல்யாணத்தில் சந்தோஷமாக இருக்கும், எதற்குக் கலவரப்படுத்த வேண்டும், அப்பா என்று நான் எதற்கு இருக்கிறேன்? இந்த 'நான் எதற்கு இருக்கிறேன்' வந்ததில்தான் அத்தனை வினையும் ஆரம்பித்தது.

பிசகான சரக்கு வெளியே போய்விட்டால், வாங்கினவன் கண்டுபிடிப்பதற்குள் நாமே சொல்லிவிட வேண்டும். கம்பெனியில் அதுதான் முறை. பாதி மானத்தோடாவது தப்பிக்கலாம். போட்டிக்காரர்களின் முகவரி மேஜையிலேயே ஒட்டியிருந்தது. தன் மெயிலிலிருந்து, ஆபீஸ் இங்கிலீஷில், ஒரு கடிதம் எழுதினார். தமிழில் சொன்னால் அது இப்படி இருக்கும்:

"மதிப்புக்குரிய ஐயா, 'லோடு' விளையாட்டில் கடுமையான குறை கண்டறியப்பட்டுள்ளது. வறண்ட ஏரியில் ஏழு லோடு கொட்டினால் விளையாட்டு உடைந்து, சேமித்தவை அழிகின்றன. ஆகவே தாங்கள் யாரும் ஏரிப் பக்கம் போக வேண்டாம். போய்விட்டால் உடனே மின்சாரத்தைத் துண்டிக்கவும். தயாரித்தவர் சிறு பெண், அனுபவம் போதாது. பெரிய மனது வைத்து, சரிசெய்ய ஒரு வாரம் அவகாசம் தரவும். இப்படிக்கு, அச்சுதன், மூத்த தர ஆய்வாளர்."

கூடவே நீலத்திரைப் படம். நேர்மைக்குக் குறைவு வரக்கூடாதென்று எருமை உள்பட மற்ற பதினான்கு குறைகளையும் இணைத்தார். அனுப்பிவிட்டுக் கீழே இறங்கி வந்து இரண்டு முழு டம்ளர் மோர் குடித்தார். பெண்ணைக் கரையேற்றிவிட்ட நிம்மதி அவருக்கு.

திங்கள் காலை கம்பெனி பஸ்ஸில் பக்கத்து சீட் வெற்றிவேலிடம் இதைப் பெருமையாகச் சொன்னார். வெற்றிவேல் அவருக்குக் கீழே வேலை பார்க்கிறவன், போனும் கேமுமாகவே இருப்பவன். படத்தைப் பார்த்தான். பெரிதாக்கிப் பார்த்தான்.

"சார், இன்னா சார் இது! எந்த கம்ப்யூட்டர் சார் ஏரியத் தேடும்?"

"என்னப்பா?"

"கேம் உடையலை சார். உடையிற மாதிரி ஆக்டிங் குடுக்குது. சீக்ரெட் எண்டிங் சார். நெறய கேம்ல கீது. எல்லாம் அழியுதுன்னு பயம் காட்டும். ஆஃப் பண்ணாம கம்முனு பாத்துகினு இருந்தோம்னா, அப்பறம்தான் நெசமான முடிவு வரும். தோ பாருங்க, கீழ ஓரத்துல தண்ணி ஏறிகினு வருது."

அச்சுதன் கண்ணாடியை மாட்டிப் பார்த்தார். திரையின் அடியில் விரல்கடை அளவு தண்ணீர், அதில் சின்னதாக அலைகூட இருந்தது. எருமையின் ஐந்தாவது காலைக் கண்டுபிடித்த மகானுபாவருக்கு அது தெரியவில்லை. பின்சீட்டிலிருந்து யாரோ, "சார், அதுக்கும் சிவப்பு டேக் கட்டிட்டீங்களா?" என்று கேட்க, பஸ்ஸே சிரித்தது. அவருக்கு இறங்கி ஓடிவிடலாம் போலிருந்தது. கூடுவாஞ்சேரி டிராஃபிக்கில் இறங்கி எங்கே ஓடுவது?

சாயங்காலம் ஸ்ம்ருதி வந்து பையை வைப்பதற்குள் எல்லாவற்றையும் ஒப்பித்துவிட்டார். அவள் கத்தவில்லை. மாடிப்படியில் உட்கார்ந்தாள்.

"ஏழு லோடுன்னு சொல்லிட்டியா?"

"ஆமாம்மா."

"படத்தோட?"

"படத்தோட."

"அவங்களா தேடிக் கண்டுபிடிக்கணும்பா. அதுலதான் இருக்கு எல்லாமே. அந்த முடிவுக்கு மட்டும் அஞ்சு மாசம் உக்காந்தேன்." பையை மடியில் வைத்துக்கொண்டாள். "ஒரு போன் பண்ணி, 'என்னம்மா இது இப்படி ஆறது'ன்னு என்னைக் கேட்டிருக்கலாமேப்பா. இந்த ரெண்டு வருஷத்துல நீ என்னை ஒரு கேள்வி கேட்டதில்லை."

"உன்னைக் கலவரப்படுத்த வேண்டாமேன்னுதான்..."

"அது காரணம் இல்லைப்பா" என்று சொல்லிவிட்டு மேலே போய்விட்டாள்.

அது காரணம் இல்லைதான். அன்றைக்கு அவருக்குச் சோறு இறங்கவில்லை. கம்பெனியில் ஒரு கீல் கோணலாக வந்தால், டேக் கட்டுவதற்கு முன்னால் மெஷின்காரனைக் கூப்பிட்டு, "வேணும்னே இப்படி வச்சிருக்கியாப்பா?" என்று கேட்பார். நேற்றுச் சேர்ந்தவனுக்குக்கூட அந்த மரியாதை உண்டு. பெற்ற பெண்ணுக்கு இல்லை. ஏன்? திரை நீலமானதும், 'அப்பவே நினைச்சேன்' என்றுதான் அவர் மனசு முதலில் சொன்னது. இவள் செய்தது எப்படியும் ஒருநாள் உடையும் என்று இரண்டு வருஷமாகக் காத்திருந்திருக்கிறார். நினைக்க நினைக்க அவருக்கு வெட்கம் பிடுங்கித் தின்றது.

பதினோரு நாள் கழித்துப் போன் வந்தது. மூன்று பேரும் சாப்பாட்டு மேஜையில் இருந்தார்கள். ஸ்ம்ருதி ஸ்பீக்கரில் போட்டாள். போட்டியை நடத்துகிற சின்மயி பேசினாள். நம்ம தமிழ்தான், பெங்களூர்க் கலப்பு.

"கங்கிராட்ஸ் ஸ்ம்ருதி, பத்துல நீங்க இருக்கீங்க! அந்த லெட்டர் யாரோட ஐடியா? ஏரிப் பக்கம் போகாதீங்கன்னு எழுதியிருந்ததா, நாங்க எல்லாரும் நேரா ஏரிக்குத்தான் போனோம். கேம் எங்க மெயில் பாக்ஸ் வரைக்கும் வந்து உடைஞ்ச மாதிரி நடிக்குதேன்னு அசந்துட்டோம். அந்த மூத்த தர ஆய்வாளர் கேரக்டர், சான்ஸே இல்லை!"

காமு இரண்டு கையையும் ஆட்டி, 'ஆமான்னு சொல்லு, ஆமான்னு சொல்லு' என்றாள். ஸ்ம்ருதி வாயைத் திறப்பதற்குள் அச்சுதன் போன் பக்கம் குனிந்தார்.

"மேடம், நான் கேரக்டர் இல்லை. நிஜம்."

அந்தப் பக்கம் ஒரே சிரிப்பு. "அடடா, குரல் வேற ரெடியா வச்சிருக்கீங்களா!"

"சிரிக்காதீங்கோம்மா. நான் இவளோட அப்பா. நிஜமாவே உடைஞ்சுடுத்துன்னு நம்பித்தான் எழுதினேன். என் பொண்ணு யோசிச்சு, வேணும்னே செஞ்சிருப்பாள்னு எனக்குத் தோணவே இல்லை. அந்த லெட்டருக்கு மார்க் போட்டிருந்தா எடுத்துடுங்கோ. அது அவ வேலை இல்லை, என் அசட்டுத்தனம்."

மற்றவர்களைக் கேட்டுவிட்டுச் சொல்கிறேன் என்று சின்மயி வைத்துவிட்டாள். "வாயை வச்சுண்டு சும்மா இருக்கத் தெரியாதா உங்களுக்கு?" என்று காமு பிடித்துக்கொண்டாள். ஸ்ம்ருதி மட்டும் அவர் தட்டில் இன்னொரு கரண்டி ரசம் விட்டாள்.

மறுநாள் மத்தியானம் பதில் வந்தது. கடிதத்தை ஒதுக்கிவிட்டு மறுபடி பார்த்தார்களாம். ஐந்தாவது இடத்தில் இருந்தது ஒன்பதாவதுக்கு இறங்கிவிட்டது. ஆனாலும் பத்துக்குள்தான். காமு சுவாமி அறைக்கு ஓடினாள்.

"அப்பா, ஒண்ணு தெரியுமா? இவ்வளவு ரகளை பண்ணினே, அந்த முடிவை நீ இன்னும் பார்க்கவே இல்லை" என்றாள் ஸ்ம்ருதி. "வா மேலே."

ஏழு லோடும் அவரே கொட்டினார். லாரி பிளந்தது, எருமை பறந்தது, திரை நீலமாயிற்று. எண்கள் ஓடத் தொடங்கியதும் அவர் கை தன்னால் சுவிட்சைத் தேடிப் போனது. ஸ்ம்ருதி பார்த்த பார்வையில் இரண்டு கையையும் தொடைக்கு அடியில் வைத்து அதன்மேல் உட்கார்ந்துகொண்டார். ஐம்பத்து மூன்று வயது ஆள். மூன்று நிமிஷம் அப்படியே இருந்தார்.

அடியிலிருந்து தண்ணீர் ஏறியது. எண்களை மூடியது, 'பிழை'யை மூடியது. நீலமெல்லாம் கலைந்து, கரைதொட்டு ஒரு ஏரி நிறைந்து நின்றது. தண்ணீர் கேட்டுத் திட்டினவர்களெல்லாம் கரையில் வந்து சும்மா உட்கார்ந்திருந்தார்கள். இதில் ஏதாவது குறை இருக்கிறதா என்று பழக்க தோஷத்தில் அச்சுதன் பார்த்தார். கண் கலங்கியிருந்ததால் எதுவும் சரியாகத் தெரியவில்லை.

"இந்தத் தண்ணி இப்படி ஏறறதே, இதை எப்படிம்மா பண்ணினே?" என்றார்.

ஸ்ம்ருதி ஒரு நிமிஷம் அவர் முகத்தையே பார்த்தாள். பிறகு நாற்காலியை இழுத்துப் போட்டுக்கொண்டு சொல்ல ஆரம்பித்தாள். அலை, நிழல், கணக்கு என்று என்னென்னவோ சொன்னாள். கீழேயிருந்து காமு இரண்டு தடவை கூப்பிட்டுப் பார்த்தாள், யாரும் இறங்கவில்லை.

"புரியறதாப்பா?"

"ஒண்ணும் புரியலை" என்றார் அச்சுதன். "முதல்லேர்ந்து சொல்லு."